கரை சொன்ன மூன்று நாள்

கரை சொல்லத் தெரியுமா என்று இப்போது யாராவது கேட்டால், தெரியாது என்று முகத்தில் அடித்த மாதிரி சொல்லிவிடுகிறேன். போன வருஷக் கடைசியில் புயல் அடித்து ஓய்ந்த வாரத்தில்கூட ஊரிலிருந்து ஒருத்தி பஸ் ஏறி சிதம்பரத்துக்கு வந்து, நான் வேலை செய்யும் ஹாஸ்டல் சமையல்கட்டு வாசலில் நின்று அழுதாள். உள்ளே சாம்பார் கொதித்துக்கொண்டிருந்தது. கரண்டியைக் கீழே வைக்காமலே, எனக்கு எல்லாம் மறந்துபோச்சு, போ என்றேன். பொய்தான். ஒரு வரிகூட மறக்கவில்லை.

கடலூருக்குத் தெற்கே இருக்கிறது எங்கள் குப்பம். கடலுக்குப் போன ஆள் நேரத்துக்குத் திரும்பாவிட்டால், எங்கள் பெண்கள் சாமிக்குக் காசு முடிந்துவைப்பதோடு நிறுத்துவதில்லை. கரை சொல்லுவோம். அந்த ஆள் எப்படித் திரும்பி வந்தார் என்பதை, வந்து முடிந்துவிட்ட கதையாக ஒருத்தி உட்கார்ந்து சொல்லவேண்டும். சொன்னபடி நடக்கும். நம்பாதவர்கள் இதோடு எழுந்து போகலாம், எனக்கு ஒன்றும் வருத்தமில்லை.

சொல்வதற்குச் சட்டதிட்டம் உண்டு. வருவார் என்று சொல்லக் கூடாது, வந்தார் என்றுதான் சொல்லவேண்டும். வந்தால் என்று இழுத்தால் அத்தனையும் வீண். எதிரில் ஒருத்தி உட்கார்ந்து ஒவ்வொரு வரிக்கும் உம் கொட்டவேண்டும். உம் விழாத வரி செல்லாது. உம் விழுந்த வரியை அப்புறம் யாராலும் மாற்ற முடியாது. அதனாலேயே 'வரல' என்ற சொல்லை மட்டும் அந்த நாட்களில் யாரும் வாயில் எடுக்க மாட்டார்கள். எவளாவது வாய் தவறிச் சொல்லி, கேட்டவர் உம் கொட்டிவிட்டால் அதுவும் ஆகிவிடும். கட்டின பெண்டாட்டி தன் புருஷனுக்குத் தானே சொல்ல முடியாது, அவள் உம் கொட்டத்தான் வேண்டும். முறையும் சொல்லக் கூடாது. எங்கள் குப்பத்தில் பாதிப் பேர் மாமா, மீதிப் பேர் மச்சான். மாமா வந்தார் என்றால் கடல் எந்த மாமாவைக் கொண்டுவந்து போடும்? மூன்று பகல் சொல்லவேண்டும். ஒருத்தருக்கு ஆயுசில் ஒரு தரம்தான் சொல்லலாம்.

எங்கள் தெருவில் இதற்கு வாய் வாய்த்தவர்கள் இரண்டே பேர். ஒருத்தி நான். இன்னொருத்தி என் ஓரகத்தி, என் வீட்டுக்காரருடைய தம்பி பெண்டாட்டி. 2004 டிசம்பரில் கடலே ஊருக்குள் வந்தபோது நாங்கள் இருவரும் வாயைத் திறக்கவில்லை. அது ஆள் கடலுக்குப் போனதல்ல, கடல் ஆளைத் தேடி வந்தது. அதற்குக் கரை கிடையாது. அதற்கப்புறம் அடுத்த தெருக்காரர்களுக்கு நான் இரண்டு தரம் சொல்லியிருக்கிறேன். ஆள் பேர், தகப்பன் பேர், படகு நம்பர் என்று வக்கீல் மாதிரி ஒன்று விடாமல் சொல்வேன். இரண்டு பேரும் வந்தார்கள். ஒருவர் இன்றைக்கும் துறைமுகத்தில் ஐஸ் உடைக்கிறார். எனக்குத் தலைக்கனம் ஏறியிருந்தது என்பதை ஒப்புக்கொள்கிறேன்.

2008 கார்த்திகை. என் வீட்டுக்காரர் பங்கு வைத்திருந்த பைபர் படகு மோட்டார் கெட்டுக் கரையில் கிடந்தது. கட்டுமரத்தில் தனியாகப் போய் நண்டு வலை போட்டுவந்துகொண்டிருந்தார். அன்றைக்கு மத்தியானம் வாடை கிளம்பியதும் வலையைக் கடலிலேயே விட்டுவிட்டு வெறுங்கையோடு வந்து நின்றார். எனக்கு எங்கிருந்துதான் அப்படி ஒரு ஆங்காரம் வந்ததோ.

"வலைய வுட்டுட்டு கைய வீசிகிட்டு வரதுக்கு நீ எதுக்குய்யா போவணும்? நானே போயிருப்பனே" என்றேன்.

அவர் சாப்பிட்டார். தட்டைக் கழுவிவைத்தார். அவர் தட்டைக் கழுவினால் கோபம் என்று அர்த்தம். காலையில் பாயில் ஆள் இல்லை. டீ குடிக்கப் போயிருப்பார் என்று நினைத்துக்கொண்டு நான் பல் விளக்கினேன். கட்டுமரம் இருந்த இடத்தில் வெறும் மணல் என்று பக்கத்து வீட்டுக்காரி வந்து சொன்னபோது வாயில் இருந்த பல்பொடியைத் துப்பக்கூடத் தோன்றவில்லை.

அன்று முழுக்க ஆம்பளைகள் இரண்டு படகில் போய்ப் போய்த் திரும்பினார்கள். முகத்துவாரத்தைத் தாண்ட முடியவில்லை, அலை அப்படி. எங்களுக்குப் பிள்ளை இல்லை. அம்மா, மாமியார் யாரும் இல்லை. இந்த மனிதர் ஒருத்தர்தான் எனக்கு. அவரையும் நானே வாயால் துரத்திவிட்டிருக்கிறேன். செத்துப்போகலாம் என்று அப்போது நினைத்தேன், மறைக்க என்ன இருக்கிறது.

மறுநாள் காலை ஓரகத்தி வீட்டு வாசலில் போய் நின்றேன். இரண்டு வருஷமாக அவளோடு பேச்சு இல்லை. தெருக்குழாயில் யார் குடம் முதலில் என்று ஆரம்பித்தது, நான் அவள் குடத்தைத் தூக்கி எறிந்ததில் போய் முடிந்திருந்தது. அவள் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள். தலையைத் தூக்கவில்லை.

"விடிஞ்சதுல இருந்து பாத்துகிட்டுதான் இருக்கேன், எப்ப வருவன்னு" என்றாள்.

"வரமாட்டன்னு நெனச்சியா?"

"கொடத்த தூக்கி எறிஞ்சவ ஆச்சே. நெனச்சேன்."

"அத அப்புறம் பேசிக்கலாம். எழுந்து வாடி."

"கேக்குற தோரணையப் பாரு" என்றாள்.

நான் அவள் வாசலிலேயே உட்கார்ந்துவிட்டேன். "எனக்கு வேற யாருடி இருக்குறாங்க" என்றுதான் சொல்ல வந்தது. அவள் முறத்தைத் தள்ளிவைத்தாள். முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு எனக்கு முன்னால் என் வீட்டுக்கு நடந்தாள்.

கடல் வந்த பிறகு எங்களுக்குக் கட்டிக்கொடுத்த காலனி வீடு அது. கிழக்குப் பார்த்த கதவைத் திறந்துவைத்து, கதவுக்கு நேராக அவள் உட்கார்ந்தாள். எதிரில் நான்.

"அடையாளம் சொல்லு."

சொன்னேன். இடது காலில் பெருவிரல் தொடங்கிக் கணுக்கால் வரைக்கும் சிப்பி ஓடு கிழித்த தழும்பு. வலது முழங்கைக்குக் கீழே பச்சை குத்திய நங்கூரம். நீல பனியன், இடது தோளில் கிழிசல். தூங்கி எழுந்ததும் முதலில் கேட்பது நீச்சத்தண்ணி, பழைய சோற்றுத் தண்ணீர், கூடச் சின்ன வெங்காயம். அவள் ஒவ்வொன்றையும் மூன்று தரம் திருப்பிக் கேட்டாள். எந்தக் கால், எந்தத் தோள் என்று குடைந்தாள். "ஒண்ணு மாறினாலும் ஆளு மாறிடும்க்கா" என்றாள். இவ்வளவு சுத்தமாக நான்கூடக் கேட்டதில்லை. பரவாயில்லையே என்று அந்த நிலைமையிலும் நினைத்துக்கொண்டேன்.

பிறகு ஆரம்பித்தாள்.

"வாட தூக்குச்சி. கட்டுமரம் கவுந்திச்சி."

"உம்."

"கவுந்த கட்டையில ஒண்ண அந்த ஆளு கட்டிப் புடிச்சிகிட்டாரு."

"உம்."

"வலது கையில நங்கூரம் பச்ச. அந்தக் கை வுடல."

"உம்."

முதல் பகல் முழுக்க அந்தக் கட்டையிலேயே கழிந்தது. எத்தனை அலை வந்தது, எப்போது உப்புத் தண்ணி உள்ளே போனது, எப்போது வாந்தி எடுத்தார் எல்லாம் சொன்னாள். நோகாமல் வந்தார் என்று சொன்னால் கடல் நம்பாது. நடுவில் தெருக்காரி ஒருத்தி தலையை நீட்டி, "இன்னும் வர..." என்று ஆரம்பித்தாள். சொல் முடிவதற்குள் கையில் அகப்பட்ட சொம்பை அவள்மேல் விட்டெறிந்தேன். தோளில் பட்டது. இன்றுவரை அவள் என்னோடு பேசுவதில்லை, பேசாமல் போகட்டும்.

இரண்டாம் பகல் எங்களுக்குள் சண்டை வந்தது. எங்கள் கரையிலேயே கொண்டுவந்து இறக்கு என்றேன். அவள் மாட்டேன் என்றாள்.

"வாடக் காத்துல தண்ணி தெக்கால இழுக்குது. இங்க எப்புடிக்கா வருவாரு? காத்துக்கு எதுக்க சொன்னா ஒட்டாது. பரங்கிப்பேட்ட கரையிலதான் போடணும்."

அவள் சொன்னதுதான் சரி. அன்று மத்தியானம் ஒரு வரிக்கு எனக்கு உம் வரவில்லை. இரண்டு நாளாகத் தூக்கமில்லை, கண் செருகிவிட்டது. தொடையில் ஓங்கி ஒன்று வைத்தாள், சுள்ளென்று. "தூங்குறியா, உன் புருஷன் தண்ணியில கெடக்குறாரு" என்றாள். அந்த வரியைத் திரும்பச் சொன்னாள். அழுதுகொண்டே உம் கொட்டினேன்.

மூன்றாம் பகல் அவர் பரங்கிப்பேட்டையில் ஒதுங்கினார். ஒரு பாய் பார்த்து ஓடிவந்தார், நாலு பேர் தூக்கினார்கள், புலிப்படம் போட்ட போர்வையால் போர்த்தினார்கள் என்றாள். நான் உம் கொட்டாமல் நிறுத்தினேன்.

"புலியெல்லாம் எதுக்குடி?"

"அவுங்க வூட்ல புள்ளைங்க வெளிநாட்டுல இருக்கும். அங்கேர்ந்து வர்ற போர்வ புலி போட்டுதான் இருக்கும். சும்மா போர்வன்னு சொன்னா போத்துன மாதிரியே இருக்காது. நீ உம் கொட்டு."

"உம்."

"வேன்ல சிதம்பரம் ஆஸ்பத்திரிக்கிக் கொண்டாந்தாங்க. கடைசிக் கட்டில்ல போட்டாங்க."

"உம்."

"கண்ணத் தெறந்தாரு. நீச்சத்தண்ணி கேட்டாரு."

"உம்."

"தூக்குல வந்த நீச்சத்தண்ணிய முழுசா குடிச்சாரு. உசுரு ஒட்டிகிச்சி. கரை."

"உம்."

கரை என்று சொல்லி முடித்ததும் அவள் அப்படியே சுவரில் சாய்ந்துவிட்டாள். தொண்டை கட்டிப்போயிருந்தது. நான் அவளுக்குச் சுடுதண்ணி வைத்துக் கொடுத்தேன். இரண்டு வருஷத்தில் அவள் என் வீட்டில் வாய்வைத்த முதல் தண்ணீர் அது.

நாலாம் நாள் காலை பத்து மணி இருக்கும், ஊர்த் தலைவர் செல்போனைக் கையில் பிடித்தபடியே எங்கள் தெருவுக்கு ஓடிவந்தார். பரங்கிப்பேட்டையில் ஒரு ஆள் உயிரோடு ஒதுங்கியிருக்கிறான், நினைவில்லாமல் கிடக்கிறான், சிதம்பரம் ஆஸ்பத்திரியில் சேர்த்திருக்கிறார்கள். ஆம்பளைகள் வேன் பிடித்துவருகிறோம் என்றார்கள். வேனுக்குக் காத்திருக்க யாருக்குப் பொறுமை இருந்தது? தூக்குவாளியில் நீச்சத்தண்ணியை ஊற்றி, உரித்த வெங்காயத்தைப் பொட்டலம் கட்டிக்கொண்டேன். ஓரகத்தி தலைகூட வாராமல் கூடவே கிளம்பிவிட்டாள். கடலூர் பஸ் ஸ்டாண்டில் கிளம்பிக்கொண்டிருந்த பஸ்ஸில் ஓடி ஏறினோம்.

அந்த ஒன்றரை மணி நேரம்போல என் வாழ்க்கையில் இன்னொன்று இல்லை. மடியில் தூக்கு. பக்கத்தில் அவள். புதுச்சத்திரம் தாண்டும்போது, "இனிமே மொத கொடம் உன்னுதுதாண்டி" என்றேன். "எழுதிக் குடு, உன் வாய நம்ப முடியாது" என்றாள். இருவரும் சிரித்த சிரிப்பில் கண்டக்டர் திரும்பிப் பார்த்தார்.

ஆஸ்பத்திரியில் நோட்டை வைத்துக்கொண்டு ஒருவர் உட்கார்ந்திருந்தார்.

"பேஷண்ட் பேரு என்னம்மா?"

நான் அவளைப் பார்த்தேன். அவள் என்னைப் பார்த்தாள். கட்டின புருஷன் பேரை நான் எப்படிச் சொல்வேன்? கல்யாணமாகிப் பதினோரு வருஷத்தில் ரேஷன் கடையில்கூடக் கார்டை நீட்டித்தான் காட்டியிருக்கிறேன். புருஷனுடைய அண்ணன் பேரை அவளும் சொல்ல மாட்டாள். எங்கள் பக்கத்தில் அது பழக்கமே இல்லை.

"என்னாம்மா, ஆளு பேரு தெரியாதா?"

"பேரெல்லாம் நாங்க சொல்ல மாட்டோம் சார். அடையாளம் சொல்றோம்" என்றாள் ஓரகத்தி. கடகடவென்று ஒப்பித்தாள். கால், நங்கூரம், பனியன்.

அவர் சிரித்துவிட்டார். "ஆமா, பரங்கிப்பேட்டையில இருந்து வந்த ஆளு. இடது காலு, நங்கூரம், சரியாதான் இருக்கு. அவரும் இன்னும் பேரு சொல்ற நெலமையில இல்ல. உள்ள போங்க, கடைசிக் கட்டிலு."

வார்டுக்குள் நுழைந்ததும் எனக்கு முதலில் தெரிந்தது புலி. கடைசிக் கட்டிலில், மஞ்சளும் கறுப்புமாக, வாயைப் பிளந்துகொண்டு ஒரு புலி. போர்வைக்கு வெளியே இடது கால் நீட்டிக்கொண்டிருந்தது. பெருவிரல் தொடங்கிக் கணுக்கால் வரைக்கும் தழும்பு. நான் ஓடிப்போய் அந்தக் காலை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு முகத்தைப் புதைத்தேன். தப்பு என்னுதுதான், வலை போனா போவுதுய்யா, இனிமே ஒரு வார்த்த பேசமாட்டேன் என்று என்னென்னவோ அந்தக் காலிடம் சொன்னேன்.

ஓரகத்தி தலைமாட்டுப் பக்கம் போயிருந்தாள். நிமிர்ந்து பார்த்தேன். அவள் வாயைப் பொத்திக்கொண்டு நின்றாள்.

"என்னாடி?"

காலை விட்டுவிட்டுப் போய்ப் பார்த்தேன். வேற ஆள். முப்பது வயசுகூட இருக்காது. மெல்லிய மீசை. கட்டில் கம்பியில் ஒரு நீல பனியன் காய்ந்துகொண்டிருந்தது, இடது தோளில் கிழிசல். சலைன் ஏறிக்கொண்டிருந்த வலது கையில் நங்கூரம்.

ஓரகத்தி தரையில் உட்கார்ந்தாள். "யக்கா, பேரு" என்றாள். அவ்வளவுதான் சொன்னாள். எனக்கு எல்லாம் விளங்கிவிட்டது. மூன்று பகல், ஆயிரம் வரி, எந்தக் கால் எந்தத் தோள் என்று பார்த்துப் பார்த்துச் சொன்னோம். பேரை மட்டும் சொல்லவில்லை. சொல்லக் கூடாது என்று முடிவுபண்ணிச் சொல்லாமல் விட்டதுமில்லை. அவள் வாயிலும் என் வாயிலும் அந்தப் பேர் வந்து பழக்கமே கிடையாது. அதனால் அது இல்லை என்பதே எங்களுக்குத் தெரியவில்லை. அடுத்த வீட்டு ஆம்பளைகளுக்கெல்லாம் தகப்பன் பேரோடு சொன்னவள் நான். கடல்மேல் குற்றம் சொல்ல முடியாது. கேட்ட ஆளைக் கொடுத்துவிட்டது.

ஒருத்தருக்கு ஒரு தரம்தான். அவருக்கென்று உட்கார்ந்து சொல்லியாகிவிட்டது.

அப்போது அவன் கண்ணைத் திறந்தான். உதடு வெடித்திருந்தது. என்னைப் பார்த்து, "நீச்சத்தண்ணி இருக்குதா?" என்றான்.

அந்த ஆள்மேல் எனக்கு வந்த வெறியை எழுதினால் யாரும் என்னை மனுஷி என்று சொல்ல மாட்டார்கள். அவன் கழுத்தை நெரிக்கவேண்டும் போலிருந்தது. தூக்கில் வந்ததை முழுசாகக் குடித்தான் என்பது கடைசி வரி. அது இன்னும் நடக்கவில்லை. இந்தத் தூக்கை இப்படியே ஜன்னலுக்கு வெளியே கவிழ்த்துவிட்டால் கரை இவனுக்கு ஆகாமல் போகுமே, திரும்பி என் வீட்டுக்காரருக்குப் போகுமே என்று நினைத்தேன். ஜன்னல் இரண்டடி தூரத்தில்தான் இருந்தது. தூக்கின் மூடியைத் திறந்தேன். ஜன்னல் பக்கம் ஒரு எட்டும் வைத்துவிட்டேன்.

ஓரகத்தி தடுக்கவில்லை. தரையில் உட்கார்ந்தபடி என்னைப் பார்த்துக்கொண்டிருந்தாள். தொண்டை கட்டின குரலில், "அவனுக்கும் ஒருத்தி எங்கியோ ஒக்காந்துகிட்டு இருப்பாக்கா" என்றாள்.

நின்றேன். எவளோ ஒருத்தி, எந்தக் குப்பத்திலோ, கட்டுமரம் இல்லாத மணலைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருப்பாள். அவள் என்ன திட்டினாளோ, எதைச் சொல்லி அனுப்பினாளோ. நான் திரும்பி வந்து அவன் தலையைத் தூக்கிப் பிடித்து, "குடிய்யா" என்றேன். வெங்காயத்தையும் கையில் கொடுத்தேன். அவன் மடக்மடக்கென்று குடித்தான். முகத்தில் கொஞ்சம் கொஞ்சமாக ரத்தம் ஏறியது. நான் பார்த்துக்கொண்டே நின்றேன்.

பாதி குடித்து நிறுத்தி, "நீங்க யாரும்மா?" என்றான்.

என் வீட்டுக்காரர் பேரைச் சொன்னேன். தகப்பன் பேரோடு சேர்த்து, வாய்விட்டு, அந்த வார்டு முழுக்கக் கேட்கும்படி முதல் தடவையாகச் சொன்னேன்.

"அவரு பொண்டாட்டி நானு. கடலுக்குப் போனாரு. வரல."

ஓரகத்தி பதறி எழுந்து அவன் வாயைப் பொத்தப் போனாள். அதற்குள் அவன் தூக்கை உதட்டிலிருந்து எடுத்து, என் முகத்தைப் பார்த்து, "உம்" என்றான்.